நான்கு பத்து

பூபாலன் வீட்டில் திருடு போன மூன்றாம் நாள்
நானும் ஒன்று வாங்கினேன்.
சாட்ஸ்வொர்த்தில் எங்கள் தெருவுக்கு அது பதினோராவது கண்.

ஏணி மேல் நான்.
கீழே ஏணியைப் பிடித்தபடி தயாளன்,
"இடது, இன்னும் இடது" என்று
வலது பக்கம் கையைக் காட்டிக்கொண்டு.

மாலை முழுக்க அது ரவுட்டரோடு சேரவில்லை.
சிவப்பு. சிவப்பு. நீலமாய்ச் சிமிட்டி
மறுபடி சிவப்பு.
பிரனேசன் வந்துதான் சொன்னான்:
"ஆன்ட்டி, உங்க வைஃபைல ரெண்டு பேர் பேசுறாங்க.
வேகமாப் பேசுறவன் சொல்றது இதுக்குப் புரியாது.
நிதானக்காரன்கிட்ட விடுங்க."
விட்டோம். பச்சை விழுந்தது.

என் பாஸ்வேர்டைப் பார்த்து அவன்தான் சிரித்தான்.
ஒன்றிலிருந்து ஆறு வரை, பெட்டியில் வந்தபடியே.
"கேட்டைப் பூட்டிட்டு
சாவியை அதுலயே தொங்கவிட்டிருக்கீங்க."
மாற்றினேன். என்னவென்று இங்கே எழுத மாட்டேன்.
யாரும் கொண்டாடாத ஒரு தேதியும்
எனக்குப் பிடிக்காத ஒரு காயும் அதில் இருக்கின்றன.
உள்ளே நுழைந்திருக்கும் கைபேசிகள் என்று ஒரு பட்டியல்:
என்னுடையது, பிரனேசனுடையது.
உன்னுடையதை எடுத்துவிடு என்றேன்.
முகம் சுருங்காமல் எடுத்தான், நல்ல பிள்ளை.
தயாளன் தன் கைபேசியில் வேண்டாமென்றான்.
"நாள் முழுக்க வீட்லதான இருக்கேன்.
என்னை நானே பார்க்கணுமா?"

எனக்கு இரவுப் பணி, ஆண்கள் வார்டு.
சட்டைப் பையில் அதிரும்: அசைவு.
அந்துப்பூச்சி.
அசைவு. யார் வீட்டுப் பூனையோ.
லென்சுக்குக் குறுக்கே ஒரு சிலந்தி வலை கட்டிய வாரம்
காற்றடித்த ஓரிரவில்
நாற்பது தடவை திருடன் வந்தான்.
பழைய பல்துலக்கியால் துடைத்தேன்.
மின்வெட்டில் இரண்டு மணி நேரம் குருடாகிறதென்று
ரவுட்டருக்குப் பின்னால் ஒரு பேட்டரி வைத்தேன்.

அதற்கப்புறம்தான் வந்தது,
நபர் என்று.
நான்கு பத்து.
காவல் வண்டியின் எண்ணைப் பாதி அழுத்திவிட்டேன்.
அப்போது திருடன் இடது முழங்கையைச் சொறிந்தான்.

கறுப்பு வெள்ளையில், கண் இரண்டும் பூனைபோல் மின்ன,
பனியன், வெறுங்கால்.
கேட்டைத் திறக்கிறான். தெருமுனையைப் பார்க்கிறான்.
பதினாறு வருஷம் ஆலை வேன் வந்து நின்ற நேரம்.
ஆலையை மூடி எட்டு மாதம்.
ஒரு வேன் நிற்கிற அளவு நிற்கிறான்.
பிறகு பூட்டுகிறான்,
பூட்டை இரண்டு தடவை இழுத்துப் பார்க்கிறான்.

காலை ஏழுக்கு நான் வரும்போது தேநீர் தயாராயிருக்கும்.
"தூங்கினியா?"
"அடிச்சுப் போட்ட மாதிரி."

எட்டு இரவு, எட்டுப் பதிவு.
எந்த நாட்டிலோ ஒரு இரும்புப் பெட்டிக்குள்
என் புருஷன் வெறுங்காலோடு நின்றுகொண்டிருக்கிறான்.

ஒன்பதாம் இரவு, மருந்து வண்டிமேல் கைபேசியைச் சாய்த்து
விரலால் ஒரு கட்டம் இழுத்தேன்.
கேட்டும், அதற்கு முன்னால் நாலடித் தரையும்
கறுப்பாயின.
எட்டையும் அழிக்கச் சொன்னேன்.
நிச்சயமாகவா என்று கேட்டது.
ஆம்.

போன வாரம் பூபாலன் தன் நாயைக் காணோமென்று
எங்கள் பதிவைக் கேட்டு வந்தான்.
"கேட்டை மறைச்சிட்டுச் சுவரைப் பார்க்குற கேமரா
எதுக்கு?"
கிளை ஆடி ஆடித் தொல்லை என்றேன்.
"அங்க மரமே இல்லையே."
இல்லைதான்.

இன்றைக்கு நான்கு பத்துக்குப் பை அதிரவில்லை.
பன்னிரண்டாம் படுக்கைக்காரர் தண்ணீர் கேட்டார்.
குடித்து முடித்து டம்ளரை நீட்டியபோது
வாங்காமல்
சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு
ஒரு வேன் நிற்கிற அளவு நின்றேன்.